மைனஸ் ஐந்தை மூடியிருந்த மஞ்சள் தாள்

1

இந்தக் கதை என் கைப்பையின் அடியில் ஒட்டிக்கொண்டு வீட்டுக்கு வந்தது. ஜோடனைக்குச் சொல்லவில்லை, நடந்ததே அதுதான். வியாழக்கிழமை மதியம் பள்ளிக்கூடத்திலிருந்து திரும்பிப் பையைச் சாப்பாட்டு மேசையில் வைத்தபோது, அதன் அடியில் ஒரு மஞ்சள் தாள் கீற்று செலோடேப்போடு ஒட்டியிருந்தது. ஒரு சாண் நீளம் இருக்கும். பிய்த்துக் குப்பையில் போடப் போனேன். அப்போதுதான் அது எந்தத் தாள் என்று உறைத்தது. மேசை விரிப்பிலேயே அதை ஒட்டிவைத்தேன். இன்று ஞாயிறு, அது இன்னும் அங்கேதான் இருக்கிறது.

நான் கணக்கு டீச்சர். எங்கள் தீவில் உள்ள ஓர் உயர்நிலைப் பள்ளியில் கணக்குப் பிரிவுக்குத் தலைமை. கதை எழுதுவது ஞாயிற்றுக்கிழமை வேலை, தேவாலயத்தில் பூசை முடிந்து வந்து துணி காயும் நேரத்தில் செய்வது. தொழில் புத்தி கதையிலும் போகாது. விடையை மட்டும் எழுதினால் மதிப்பெண் கிடையாது, செய்முறையையும் காட்டு என்று பிள்ளைகளிடம் கத்திக் கத்தி, இப்போது என் கதைகளிலும் அடித்ததை அழிக்காமல் விடுகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் இப்படித் தொடங்கினேன்:

"அன்று கிமாராஸ் தீவைச் சுற்றிக் கடல் அமைதியாக—"

நிறுத்திவிட்டேன். இந்தக் கதைக்கும் கடலுக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. சம்பவம் நடந்த வகுப்பறையின் சன்னல் வாலிபால் மைதானத்தைப் பார்த்தது.

அடுத்தது:

"ஓர் எண்ணின் தனி மதிப்பு என்பது, எண்கோட்டில் சைபரிலிருந்து அந்த எண் எவ்வளவு தூரத்தில்—"

இதைப் படித்தால் உங்களில் பாதிப் பேர் சொல்லாமல் கொள்ளாமல் எழுந்து போய்விடுவீர்கள். வகுப்பறை என்றால் கதவைச் சாத்திவைக்கலாம். கதையில் அந்த வசதி இல்லை.

மூன்றாவது:

"ஜோவிலினுக்கு இந்த வேலை கிடைக்காவிட்டால், மூன்று வயது மகளை மாமியாரிடம் விட்டுவிட்டு அடுத்த மாதம் அவள் தாய்லாந்துக்குப் போக வேண்டும்."

இதில் பொய் எதுவும் இல்லை. இதுவே இருக்கட்டும்.

2

ஜோவிலினை உங்களுக்கு அறிமுகப்படுத்துவதில் எனக்கு ஒரு சிக்கல். முதல் வரைவில் அவளை ஒல்லியாக, கண்ணோரம் ஈரமாக, பழைய செருப்போடு எழுதிவைத்தேன். படித்துப் பார்த்தபோது எனக்கே கோபம் வந்தது. வேலை தேடும் பெண் என்றால் அழுமூஞ்சியாகத்தான் இருக்க வேண்டுமா? நிஜ ஜோவிலின் நல்ல வாட்டசாட்டமானவள். சிரித்தால் பக்கத்து வகுப்பு திரும்பிப் பார்க்கும். வயது இருபத்தெட்டு. புருஷன் சரக்குக் கப்பலில் இருக்கிறான், வருஷத்தில் பாதி நாள் எந்தக் கடலில் இருக்கிறான் என்று அவளுக்கே தெரியாது. இதுவரை சின்னச் சின்னத் தனியார் பள்ளிகளில் மாறி மாறி வேலை பார்த்தவள். எங்கள் பள்ளியில் ஒரு நிரந்தர இடம் காலியானது. அதற்கு விண்ணப்பித்தவர்களில் கடைசிவரை வந்தவர்களில் அவளும் ஒருத்தி. தாய்லாந்தில் ஒரு பள்ளிக்கூடம் ஏற்கெனவே அவளை எடுத்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டது. இங்கே கிடைத்தால் அங்கே போக வேண்டாம். அவளுக்கு இதில் வேறு வழி எதுவும் இல்லை.

மகள் பெயர் டிங்டிங். நிஜப் பெயர் வேறு ஏதோ நீளமாக இருக்கிறது, அதை யாரும் கூப்பிடுவதில்லை.

எங்கள் ஊரில் டீச்சர் வேலைக்கு எழுத்துத் தேர்வும் நேர்காணலும் மட்டும் போதாது. மாதிரிப் பாடம் நடத்திக் காட்ட வேண்டும். வேறொரு டீச்சரின் வகுப்பை ஒரு மணி நேரம் கடன் வாங்கி, மதிப்பிடும் குழு பின்வரிசையில் உட்கார்ந்திருக்க, முன்பின் பார்த்திராத பிள்ளைகளுக்குப் பாடம் எடுக்க வேண்டும். குழுவில் மூன்று பேர். தலைமையாசிரியர் எபிஃபானியோ சார், விவசாயப் பாடம் எடுத்தவர். மொழிப் பாடத்துக்குப் பொறுப்பான சோலேதாத் மேடம். மூன்றாவது ஆள் நான். எங்கள் மூவரில் கணக்குத் தெரிந்தவள் நான் ஒருத்திதான் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு தேவைப்படும்.

பாடத்தைச் சீட்டுக் குலுக்கி எடுத்தார்கள். ஜோவிலினுக்கு வந்தது: தனி மதிப்புச் சமன்பாட்டின் வரைபடம் அச்சுகளை வெட்டும் இடங்களைக் கண்டுபிடித்தல்.

3

இங்கேதான் கொஞ்சம் கணக்கு வருகிறது. ஓடாதீர்கள். ஓடினால் ஜோவிலின் என்ன தப்புச் செய்தாள் என்பது உங்களுக்குப் புரியாது, பிறகு என்னைக் குறை சொல்வீர்கள்.

ஹோர்டன் படகுத்துறையிலிருந்து உள்ளூருக்குப் போகும் சாலையை எடுத்துக்கொள்வோம். படகுத்துறைதான் சைபர். மூன்றாவது கிலோமீட்டர் கல்லில் என் அக்கா வீடு. அக்கா வீட்டிலிருந்து இரண்டு கிலோமீட்டர் தள்ளி ஒரு ரொட்டிக் கடை இருக்கிறது என்று யாரோ சொல்கிறார்கள். எந்தப் பக்கம் என்று சொல்லவில்லை. கடை எந்தக் கல்லில் இருக்கும்? ஐந்தாவது கல்லில் இருக்கலாம், திரும்பி நடந்தால் ஒன்றாவது கல்லிலும் இருக்கலாம். அந்தத் 'தள்ளி' என்ற சொல்தான் தனி மதிப்பு. தூரத்தைச் சொல்லும், திசையைச் சொல்லாது.

ஜோவிலின் எடுத்துக்கொண்ட சமன்பாடு y = |x − 3| − 2. இரண்டு செங்குத்துக் கோடுகளுக்கு நடுவே இருப்பது, மூன்றிலிருந்து எவ்வளவு தள்ளி என்று கேட்கிறது. வரைந்தால் கால்களை மேலே விரித்த V மாதிரி வரும். அதன் முனை மூன்றுக்கு நேராக, கிடை அச்சுக்கு இரண்டு படி கீழே இருக்கும். y அச்சை எங்கே வெட்டுகிறது என்று தெரிய வேண்டுமானால் x-க்குச் சைபர் போடு: மூன்று தள்ளி, அதில் இரண்டு போனால் ஒன்று. x அச்சை எங்கே வெட்டுகிறது என்றால் y-க்குச் சைபர் போடு: |x − 3| = 2. அதாவது அக்கா வீட்டிலிருந்து இரண்டு தள்ளி. விடை ஐந்து, இன்னொன்று ஒன்று. முடிந்தது.

எல்லோரும் செய்யும் தப்பு ஒன்று இதில் உண்டு. தனி மதிப்பு என்றால் ஒரு பிளஸ், ஒரு மைனஸ் என்று மனப்பாடம் பண்ணி வைத்திருப்பார்கள். x − 3 = 2 என்று போட்டு ஐந்து கண்டுபிடித்த கையோடு, இன்னொரு விடை மைனஸ் ஐந்து என்று எழுதிவிடுவார்கள். மைனஸை இரண்டுக்கு வைக்க வேண்டும், விடைக்கு வைக்கக் கூடாது. எங்கள் சாலையில் மைனஸ் ஐந்தாவது கல்லைத் தேடிப் போனால் படகுத்துறையைத் தாண்டிக் கடலுக்குள் விழ வேண்டியதுதான்.

(கடலுக்கும் கதைக்கும் ஒட்டும் உறவும் இல்லை என்று முன்னே சொன்னேன். அதை வாபஸ் வாங்கிக்கொள்கிறேன்.)

4

இனி கைகளைப் பற்றி.

மாதிரிப் பாடத்துக்கு வகுப்பைக் கடன் கொடுத்தவர் ரோடெல் சார். நல்ல மனுஷன். முதல் நாளே பிள்ளைகளை உட்கார வைத்துப் பாடம் நடத்திவிட்டார். எந்தப் பள்ளிக்கூடத்திலும் இதை யாரும் எழுதிவைப்பதில்லை, ஆனால் எல்லோருக்கும் தெரியும்.

"நாளைக்கு வர்ற மேடம் எது கேட்டாலும் எல்லாரும் கை தூக்கணும். தெரிஞ்சவங்க வலக்கை, தெரியாதவங்க இடக்கை. எவனாவது கையைக் கட்டிக்கிட்டு உட்கார்ந்திருந்தா, அப்புறம் என் மூஞ்சியில முழிக்க வேணாம்."

பிறகு ஜோவிலினிடமும் ரகசியத்தைச் சொல்லிவைத்தார். அவளுக்கும் அது புதுசு இல்லை. இதை நாங்கள் யாரும் மோசடி என்று நினைப்பதில்லை. முன்பின் தெரியாத ஊருக்கு வந்து, பதறிக்கொண்டு நிற்கிற ஒருத்தியைப் பிள்ளைகள் கைவிடாமல் இருக்கும் ஏற்பாடு அது. பின்வரிசையில் உட்கார்ந்து மார்க் போடும் நாங்களும் ஒரு காலத்தில் அதே கைகளைப் பார்த்து வேலை வாங்கியவர்கள்தான். எது வலது எது இடது என்று பின்னாலிருந்தும் நன்றாகத் தெரியும். கண்டும் காணாமல் இருப்போம். கை மேலே போனதா என்பதுதான் எங்களுக்குக் கணக்கு.*

* தனி மதிப்பும் இதையே செய்கிறது என்று இங்கே ஒரு பத்தி எழுதி அடித்துவிட்டேன். உங்களுக்கே தெரிந்திருக்கும்.

இன்னொரு ஏற்பாடு, மணிலா தாள். பெரிய பழுப்புத் தாளில் பாடத்தை முன்கூட்டியே எழுதி, விடை வரும் இடங்களை மட்டும் வண்ணத் தாள் கீற்றால் மூடி ஒட்டிவைப்பார்கள். பிள்ளை சரியான விடை சொன்னதும் டீச்சர் கீற்றை உரிப்பார், கீழே அதே விடை இருக்கும். உரித்ததும் வகுப்பு கைதட்ட வேண்டும். ரோடெல் சார் வகுப்பில் அது மாம்பழக் கைதட்டு: மூன்று தட்டு, மேலே எட்டி ஒரு பழத்தைப் பறிப்பது போல ஓர் இழுப்பு, ஒரு கடி, பிறகு எல்லோரும் சேர்ந்து "இனிப்பு!"

அந்தப் பிள்ளைகள் இதில் எவ்வளவு தேறியிருந்தார்கள் என்றால், கீற்று உரியும் சத்தம் கேட்டாலே கை தானாகத் தட்டும்.

5

இப்போது சம்பவம்.

ஜோவிலின் நன்றாகவே தொடங்கினாள். ரொட்டிக் கடை உதாரணம் என்னுடையது, அவள் ஊஞ்சலை வைத்துச் சொன்னாள், அது இன்னும் நன்றாக இருந்தது. y அச்சை வெட்டும் இடம் கேட்டாள். எல்லாக் கையும் மேலே போயின, பாதி வலது. ஒரு பையன் எழுந்து ஒன்று என்றான். பச்சைக் கீற்றை உரித்தாள், கீழே ஒன்று இருந்தது. மாம்பழம் பறித்தார்கள், கடித்தார்கள்.

பிறகு x அச்சு. மறுபடி எல்லாக் கையும் மேலே. இந்த முறை எங்கு பார்த்தாலும் இடக்கை. இரண்டாவது வரிசையில் ஒரே ஒரு வலக்கை, அனலூ என்ற பெண்ணுடையது. எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை, அதிகம் பேசாத பெண். ஜோவிலின் அவளை எழுப்பினாள்.

அனலூ ஐந்து, ஒன்று என்றாள். ஒன்று எப்படி வந்தது என்று ஜோவிலின் கேட்க, மைனஸை இரண்டுக்கு வைத்துத் தெளிவாகச் சொன்னாள். வாத்தியார் சொல்லிக் கொடுத்த பேச்சாக இல்லை, அவளே யோசித்த பேச்சு.

ஜோவிலின் வகுப்பு முழுவதையும் ஒரு முறை பார்த்தாள். பிறகு மஞ்சள் கீற்றில் கையை வைத்து உரித்தாள். கீழே (5, 0) என்று இருந்தது. அதற்குப் பக்கத்தில், சிவப்பு மார்க்கரில், அழகான எழுத்தில் (−5, 0).

அதைக் கண்டதும் அவள் அதிர்ந்துபோனாள்.

[இந்த வாக்கியத்தைப் பிறகு திருத்த வேண்டியிருக்கும். இப்போதைக்கு இருக்கட்டும். எழுதும்போது அப்படித்தான் நம்பினேன்.]

கீற்று உரிந்த சத்தம் கேட்டதும் வகுப்பு மூன்று தட்டுத் தட்டியது. பழம் பறித்தது, கடித்தது, இனிப்பு என்றது. மைனஸ் ஐந்துக்கு அவ்வளவு உற்சாகமான கைதட்டு உலகத்தில் வேறெங்கும் கிடைத்திருக்காது. அனலூவின் கை மட்டும் பறிக்கப் போன இடத்திலேயே நின்றது. எபிஃபானியோ சார் திருப்தியாகத் தலையாட்டி ஏதோ எழுதிக்கொண்டார். ஒரு தாளில் இருக்கும் தப்பு இன்னொருத்தியின் பிள்ளையை எங்கே கொண்டுபோய் விடும் என்று தெரிந்துகொண்டு உட்கார்ந்திருப்பது சின்ன வேதனை இல்லை.

(முதல் வரைவில் இந்த இடத்தில் நான் பின்வரிசையிலிருந்து வலக்கையைத் தூக்கி அவளுக்குச் சைகை காட்டியதாக எழுதினேன். பொய். குழுவில் இருப்பவர் வாய் திறக்கவும் கூடாது, சைகை காட்டவும் கூடாது. என் இரண்டு கையும் மடியில்தான் இருந்தன. எழுதுகிறவளுக்குத் தன்னையும் கதைக்குள் ஒரு நல்ல காரியம் செய்ய வைக்க ஆசை வரும், அடக்கிக்கொள்ள வேண்டும்.)

ஜோவிலின் பக்கத்தில் சுருட்டி வைத்திருந்த இன்னொரு மணிலா தாளை விரித்தாள். அதில் வரைபடம். புள்ளி புள்ளியாக வைத்து வரைந்த சரியான V. அதன் கால்கள் கிடை அச்சை ஒன்றிலும் ஐந்திலும் வெட்டின. இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் ஒட்டிவிட்டுத் திரும்பினாள்.

"இந்தத் தாள் ஒண்ணு சொல்லுது, அனலூ ஒண்ணு சொல்றா. நான் எழுதினது தப்புன்னு நினைக்கிறவங்க கை தூக்குங்க."

எல்லாக் கையும் மேலே போயின. எல்லாம் இடக்கை. அனலூவும் இடக்கைதான். வெளியிலிருந்து வந்திருக்கும் டீச்சரை, அதுவும் பெரியவர்கள் முன்னால், தப்பு என்று எங்கள் ஊர்ப் பிள்ளை சொல்லாது. அடித்தாலும் சொல்லாது.

அவள் சிரித்தாள், பக்கத்து வகுப்புக்குக் கேட்கும் அந்தச் சிரிப்பு. சரி, என்னை நம்ப வேண்டாம், தாளையும் நம்ப வேண்டாம், x இருந்த இடத்தில் மைனஸ் ஐந்தைப் போட்டுப் பாருங்கள், சைபர் வருகிறதா பார்ப்போம் என்றாள். நோட்டுகள் திறந்தன. முணுமுணுவென்று வாய்கள் கணக்குப் போட்டன. மைனஸ் ஐந்தில் மூன்று போனால் மைனஸ் எட்டு, அதன் தனி மதிப்பு எட்டு, அதில் இரண்டு போனால் ஆறு. சைபர் வர வேண்டிய இடத்தில் ஆறு.

பிறகு நான் பார்த்தது இன்னும் என் கண்ணை விட்டுப் போகவில்லை. கடைசி வரிசையில் ஒரு பையன் இடக்கையை இறக்கி வலக்கையைத் தூக்கினான். அடுத்து அவன் பக்கத்தில் இருந்தவள். பிறகு அங்கொன்றும் இங்கொன்றுமாக, ஒவ்வொரு கையாக, வகுப்பு முழுக்க இடது இறங்கி வலது ஏறியது. ஜோவிலின் மைனஸ் ஐந்தை ஒரு கோடு போட்டு அடித்து, மேலே ஒன்று என்று எழுதினாள்.

"இப்பத் தட்டுங்க" என்றாள்.

6

பாடம் முடிந்ததும் குழுவுக்குப் பன்சித் நூடுல்ஸும், புத்தோ என்ற ஆவியில் வேகவைத்த குட்டி அரிசிப் பலகாரமும் வைத்திருந்தார்கள். சாப்பிட்டுக்கொண்டே மார்க் போடுவது வழக்கம். எபிஃபானியோ சாருக்கு ஒரே சந்தோஷம். வேண்டுமென்றே ஒரு தப்பான விடையை வைத்துப் பிள்ளைகளையே கண்டுபிடிக்க விட்டாள், அருமையான உத்தி என்றார். சோலேதாத் மேடத்துக்குச் சந்தேகம். உத்தியா, கை தவறி எழுதிவிட்டுச் சமாளித்தாளா? உத்தி என்றால் 'பாட அறிவு' என்ற கட்டத்தில் முழு மதிப்பெண். தவறு என்றால் குறைக்க வேண்டும். விண்ணப்பித்தவர்களுக்கு நடுவே இருந்த இடைவெளி ஒரு புத்தோவின் கனம்கூட இல்லை. இருவரும் என்னைப் பார்த்தார்கள். நான்தானே கணக்கு.

எனக்குத் தெரியவில்லை என்றேன், அவளையே கேட்கலாமே என்றேன்.

அவளைக் கூப்பிட்டார்கள். எபிஃபானியோ சார் நல்ல மனசோடு, பதிலையும் வாயில் ஊட்டிவிட்டே கேட்டார்.

"அந்த மைனஸ் அஞ்சை வேணும்னேதானே எழுதிவச்சீங்க?"

ஆமாம் என்று ஒரு வார்த்தை போதும். டிங்டிங்கை யாரிடமும் விட வேண்டாம், எங்கேயும் போக வேண்டாம். நான் புத்தோவைக் கையில் வைத்துக்கொண்டு, ஆமாம்னு சொல்லித் தொலையேன் என்று மனசுக்குள் கெஞ்சினேன்.

"இல்லைங்க சார்" என்றாள் ஜோவிலின். "தப்பாத்தான் எழுதிட்டேன்."

மூவரும் மார்க் போட்டோம். நானும் பாட அறிவில் குறைத்தேன். உறையில் போட்டு ஒட்டி, எபிஃபானியோ சார் அதன் மேல் கையெழுத்துப் போட்டார். முடிவுப் பட்டியல் திங்கட்கிழமை வாசல் பலகையில் ஒட்டப்படும்.

7

ஞாயிறு வரை பொறுக்காமல் வெள்ளிக்கிழமையே உட்கார்ந்து முதல் வரைவை எழுதி, முடிவு யோசித்தேன். V முனை அச்சுக்கு மேலே மிதந்தால் வரைபடம் அச்சை எங்கும் தொடாது. முனை அச்சின் மேலேயே நின்றால் ஒரே இடம். கீழே இறங்கினால் இரண்டு இடம். கணக்கு டீச்சர் புத்தி, முடிவையும் மூன்றாகப் போட்டுப் பார்த்தேன்.

தொடாத முடிவு: வேலை இல்லை. பாங்காக்கில் ஒரு சின்ன அறை, கைப்பேசியில் டிங்டிங் முகம், "அம்மா எப்ப வரு—"

எழுதிக்கொண்டிருக்கும்போதே அழுதேன். அழுததால்தான் நம்பவில்லை. இந்த அழுகை எனக்கு ரொம்பச் சுலபமாக வந்துவிட்டது.

ஒரே இடத்தில் தொடும் முடிவு: வேலை கிடைக்கிறது, நேர்மைக்குப் பரிசு. பிள்ளைகளுக்கு ஒப்பிக்கக் கொடுக்கலாம்.

இரண்டு இடத்தில் வெட்டும் முடிவு: வேலையும் கிடைக்கிறது, பல வருஷம் கழித்து அனலூவும் டீச்சராகி அதே வகுப்பில் அதே—

இது சோப்பு விளம்பரம். அடித்துவிட்டேன்.

மூன்றையும் தூக்கிப் போட்டுவிட்டு, எபிஃபானியோ சாரிடம் அவள் சொன்ன பதிலோடு கதையை முடித்துவிடலாம் என்று தீர்மானித்துத் தூங்கப் போனேன். சனிக்கிழமை காலை படகுத்துறையில் ஜோவிலினே எதிரே வந்து அதையும் கெடுத்தாள்.

8

நான் அக்கரைக்கு மருந்து வாங்கப் போய்க்கொண்டிருந்தேன். அவளும் அதே படகுக்குக் காத்திருந்தாள். இடுப்பில் டிங்டிங், தோளில் பெரிய பை. தாய்லாந்துக்கான மருத்துவப் பரிசோதனைக்கு இன்றைக்குத்தான் நாள் கொடுத்திருக்கிறார்கள் என்றாள். பட்டியல் வருவதற்கு முன்னாலேயே போவானேன் என்று நான் கேட்கவில்லை. அன்று போகாவிட்டால் வேறு நாள் கிடைக்காது என்பது எனக்கும் தெரியும்.

மார்க்கைப் பற்றி அவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை. சொல்லக் கூடாது. பெஞ்சில் உட்கார்ந்தோம். டிங்டிங் என் கைப்பையின் ஜிப்பைத் திறந்து மூடி விளையாடினாள். நான் சும்மா இருக்க முடியாமல், உரித்ததும் ரொம்பப் பதறிப் போயிருப்பாயே அம்மா என்று கேட்டுவைத்தேன்.

"இல்ல மேடம், உரிக்கிறதுக்கு முன்னாடியே தெரிஞ்சுடுச்சு" என்றாள்.

எனக்குப் புரியவில்லை. அவள் சாதாரணமாகச் சொல்லிக்கொண்டே போனாள். தாள் எழுதின அன்று சாயங்காலம், ஐந்து என்று எழுதிய நேரத்தில் டிங்டிங் கட்டிலிலிருந்து விழுந்தாளாம். தூக்கிச் சமாதானப்படுத்திவிட்டு வந்து, விட்ட இடத்தில் கை பழக்கத்தில் மைனஸ் ஐந்து என்று எழுதி மூடி ஒட்டிவிட்டாள். வரைபடத்தை மறுநாள் காலையில் தனியாக வரைந்தாள். வகுப்பில் அனலூ எழுந்து ஒன்று என்று சொன்ன அந்த நிமிஷம்தான், கீற்றுக்குக் கீழே என்ன எழுதியிருக்கிறோம் என்பது அவளுக்கு ஞாபகம் வந்தது.

அப்படியென்றால் மூடியே விட்டிருக்கலாமே என்றேன். அனலூ சொன்னது சரி என்று சொல்லிவிட்டு, வரைபடத்தை விரித்திருந்தால் தீர்ந்தது. எங்கள் மூவருக்கும் ஒன்றும் தெரிந்திருக்காது. என் குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது, டிங்டிங் ஜிப்பை விட்டுவிட்டு என்னைப் பார்த்தாள்.

"மத்தப் பிள்ளைங்க எல்லாம் இடக்கை மேடம்" என்றாள் ஜோவிலின். "நான் போட்ட தப்பைத்தான் அவங்களும் மனசுல போட்டு வச்சிருப்பாங்க. நான் மூடிட்டா அது அவங்ககிட்டயே தங்கிடும். யாராவது ஒருத்தர் தப்பைத் திறந்து காட்டணும்ல? என்னோடதுதான் கையில இருந்துச்சு."

படகு வந்துவிட்டது. அவள் எழுந்து பையை மாட்டிக்கொண்டாள்.

அதை ஏன் எபிஃபானியோ சாரிடம் சொல்லவில்லை என்று பின்னாலேயே போய்க் கேட்டேன். எழுதினதைப் பற்றித்தானே கேட்டார், உரித்ததைப் பற்றிக் கேட்கவில்லையே என்றாள். பிறகு படகுக்காரன் டிங்டிங்கை வாங்கிக்கொள்ள, இருவரும் ஏறி முன்பக்கம் போய் உட்கார்ந்தார்கள். எனக்குப் பின்பக்கம்தான் இடம் கிடைத்தது. மைனஸ் ஐந்தாவது கல் இருக்க வேண்டிய இடத்தைப் படகு எப்போது தாண்டியது என்று நான் கவனிக்கவில்லை.

9

ஐந்தாம் பகுதியில் "அதைக் கண்டதும் அவள் அதிர்ந்துபோனாள்" என்று எழுதியிருக்கிறேன் அல்லவா, அதை அடித்துவிட்டு இப்படிப் படித்துக்கொள்ளுங்கள்: கீழே என்ன இருக்கிறது என்று தெரிந்தேதான் அவள் உரித்தாள்.

ஆக எபிஃபானியோ சார் நினைத்ததும் சரி, சோலேதாத் மேடம் நினைத்ததும் சரி. எழுதியது தவறு, காட்டியது உத்தி. ஒரே கேள்விக்கு இரண்டு விடை, இரண்டையும் போட்டுப் பார்த்தாலும் சைபர் வருகிறது. எங்கள் மதிப்பெண் தாளில் அதற்கு ஒரே ஒரு கட்டம்தான் இருந்தது, நானும் அதில் ஒரே ஒரு விடையைத்தான் எழுதினேன். கையில் இருந்த அளவுக்குச் சரியாகத்தான் எழுதினேன். உறை ஒட்டியாயிற்று. நேற்று மாலை எபிஃபானியோ சாருக்குப் போன் போட்டுப் படகுத்துறையில் கேட்டதைச் சொன்னேன். முழுக்கக் கேட்டுவிட்டு, "நெனிதா மேடம், ஒட்டின உறையைப் பிரிச்சா அப்புறம் எல்லா உறையையும் பிரிக்கச் சொல்லுவாங்க" என்றார். அவர் சொன்னதிலும் தப்பு இல்லை, அதுதான் எனக்கு ஆத்திரமாக இருக்கிறது.

நாளை காலை பட்டியல் ஒட்டுவார்கள். அதைப் பார்த்துவிட்டு வந்து கதையை முடித்தால் என்ன என்று நீங்கள் கேட்கலாம். மாட்டேன். பலகையில் வருவது வேலைக்கான விடை. நான் கேட்பது வேறு. கையில் இருந்த ஒரே தப்பை, மகளைப் பிரிய நேரலாம் என்று தெரிந்தும் திறந்து காட்டியவளுக்குப் பாடம் நடத்தத் தெரியுமா, தெரியாதா?

எல்லோரும் கை தூக்குங்கள். விடை தெரிந்தவர்கள் வலக்கை, தெரியாதவர்கள் இடக்கை. சும்மா மட்டும் உட்கார்ந்திருக்காதீர்கள், ரோடெல் சாருக்குக் கோபம் வரும். யார் முன்னாலும் தயங்க வேண்டாம். முதலில் இடதைத் தூக்கிவிட்டுப் பிறகு மாற்றிக்கொண்டாலும் பரவாயில்லை.

என் வலக்கை மேலே போய்விட்டது. பேனாவை இடக்கைக்கு மாற்றித்தான் இந்தக் கடைசி வரியை எழுதுகிறேன், எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.